மடிப்பு வந்த மலையில் பன்னிரண்டு ஆண்டை எண்ணியது யார்?

2025 ஆகஸ்ட் 2 – பெரியகுளத்து வாசகர் ஒருவரின் கேள்வி

உங்கள் நெடுங்கானம் கதையின் முதல் வாக்கியமே இடிக்கிறது. "பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை மறிபனி ஏறும், ஏறிய இரவில் மலை மடியும், மடிந்த மலையில் ஓர் ஊருக்கு ஒரே இரவும் பக்கத்து ஊருக்கு ஒன்பது ஆண்டும் கழியும்" என்று எழுதியிருக்கிறீர்கள். ஊருக்கு ஊர் காலம் வேறுபட்டுப்போன பிறகு அந்தப் பன்னிரண்டை எண்ணியது யார்? அது எந்த ஊரின் பன்னிரண்டு? நீங்கள் மண்டிக் கணக்கு எழுதுகிறவர். பேரேட்டில் இப்படி ஒரு வரி இருந்தால் விடுவீர்களா?

2025 ஆகஸ்ட் 3

விடமாட்டேன். மூன்று பகுதிகள் வெளியான பிறகும் இது என் கண்ணில் படவில்லை என்பதுதான் வெட்கம்.

பன்னிரண்டு என்ற எண் எங்கிருந்து வந்தது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். கொடைக்கானல் மலைகளில் நீலக்குறிஞ்சி 2006-இல் பூத்தது, 2018-இல் பூத்தது. அடுத்து 2030-இல் பூக்க வேண்டும். மேடு முழுவதும் ஒரே பருவத்தில் பூத்து, விதை உதிர்த்து, செடி செத்துவிடும். அந்த விதையிலிருந்து முளைக்கும் செடி மீண்டும் பன்னிரண்டு ஆண்டு வாய் திறக்காது. பழனி மலைப் பளியர்கள் குறிஞ்சி எத்தனை முறை பூத்தது என்பதை வைத்து வயது சொல்லி வந்திருக்கிறார்கள். பூம்பாறையில் எங்கள் படிக்கட்டு வயலுக்கு மேலே நின்று அந்த நீலத்தை இரண்டு முறை பார்த்தவன் நான். ஆகவே நெடுங்கானத்திலும் எண்ணுவது குறிஞ்சிதான். இது என் பதில்.

2025 ஆகஸ்ட் 4

பதில் ஒரு நாள்கூடத் தாங்கவில்லை. குறிஞ்சியும் மடிந்த மலையில்தானே நிற்கிறது? மனிதனுக்கு ஒரே இரவு கழிந்த கரட்டில், அதாவது குன்றில், செடிக்கு மட்டும் எப்படி ஒன்பது ஆண்டு கழியும்? மலையோடு சேர்ந்து செடியின் கணக்கும் மடியும். நேற்று எழுதியதை அழிக்கவில்லை. தவறான பதிவை அடித்துவிட்டு மேலே சரியானதை எழுதுவதே மண்டி வழக்கம், கிழித்து எறிவது வழக்கமில்லை.

2025 ஆகஸ்ட் 10

மடிப்பு என்ற எண்ணமே எனக்கு எப்படி வந்தது என்று இன்னொருவர் தனியாகக் கேட்டிருந்தார். கேள்விக்கு நேரான பதில் இதில் இல்லை, ஆனால் பதில் இதற்குப் பக்கத்தில் எங்கோ இருக்கிறது என்று தோன்றுவதால் விரிவாகவே எழுதுகிறேன்.

2018 நவம்பர் 16-ஆம் தேதி அதிகாலையில் கஜா புயல் நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் இடையில் கரையேறி, அன்றே வலுக்குறைந்து எங்கள் மலையைக் கடந்தது. குறிஞ்சி பூத்து முடிந்த அதே ஆண்டு அது. மரங்கள் சாய்ந்து சாலை அடைபட்டது, மின்சாரம் போனது, கைப்பேசிகள் இரண்டாம் நாளே உயிர்விட்டன. வெளியே நாள் முழுவதும் ஒரே சாம்பல் நிறப் பனிமூட்டம். காலை எது, மாலை எது என்பதை அடுப்பில் என்ன வேகிறது என்பதை வைத்துத்தான் சொல்ல முடிந்தது.

எங்கள் வீட்டில் தினசரி காலண்டரின் தாளைக் கிழிப்பது அப்பாவின் வேலை. சரிந்து கிடந்த வயல் கல்கட்டைப் பார்க்க அவர் அந்த நாட்களில் இருட்டோடு போய்விட்டார். போகும்முன் கிழித்துவிட்டுத்தான் போனார், ஆனால் அது யாருக்கும் தெரியாது. அவர் மறந்துவிட்டதாக நினைத்து அம்மா ஒரு நாள் ஒரு தாளைக் கிழித்தார். இன்னொரு நாள், சாமி படத்துக்கு விளக்கேற்ற எழுந்த பாட்டி, வீட்டில் யாருக்கும் பொறுப்பில்லை என்று முணுமுணுத்துக்கொண்டே மற்றொரு தாளைக் கிழித்தார். மூன்று பேரும் தத்தம் அளவில் சரியாகத்தான் செய்தார்கள். விளைவாக எங்கள் வீடு மட்டும் உலகத்தைவிட இரண்டு நாள் முன்னால் போய்விட்டது.

அந்த ஆண்டு திருக்கார்த்திகை 23-ஆம் தேதி. நாங்கள் 21-ஆம் தேதி மாலை விளக்கேற்றினோம். பெட்டிக்கடையில் பொரி இன்னும் வரவில்லை என்றபோதே சந்தேகம் வந்திருக்க வேண்டும். சாலை அடைபட்டதால் லாரி வரவில்லை என்று நாங்களே ஒரு காரணத்தைக் கற்பித்துக்கொண்டோம். நிலவைப் பார்த்தாவது தெரிந்திருக்கும், ஆனால் பனியில் நிலவு ஏது? படிக்கட்டு வயலின் ஓரத்தில் அம்மா வரிசையாக வைத்த அகல்கள் கீழ்த்தெருவுக்குத் தெரிந்தன. அவர்களுக்கும் நாள் தெரியாது. ஒரு வீடு ஏற்றியது, அதைப் பார்த்து அடுத்த வீடு ஏற்றியது. அரை மணி நேரத்தில் கீழ்த்தெரு முழுவதும் கார்த்திகை வந்துவிட்டது. கொடைக்கானலிலிருந்து மறுநாள் நடந்து வந்த ஒருவர் சொல்லித்தான் உண்மை தெரிந்தது. மேல்தெருக்காரர்கள் 23-ஆம் தேதி முறையாக ஏற்றினார்கள். அம்மா அன்றும் ஏற்றினார். கீழ்த்தெருவில் சிலர் ஏற்றிய கார்த்திகை ஏற்றியதுதான் என்று இருந்துவிட்டார்கள்.

புயலை நான் ஏறக்குறைய மறந்துவிட்டேன். அந்த இரண்டு நாள் வித்தியாசம் இரண்டு தெருக்களுக்கு இடையில் ஒரு மாதம் பேச்சாகக் கிடந்தது மட்டும் மறக்கவில்லை. மடிப்பைப் பற்றி நான் எழுத விரும்பியதும் அதைத்தான். பனி ஏறுவது, வானம் கிழிவது எல்லாம் ஒரு பத்தியில் முடிந்துவிடும். மறுநாள் காலையில் பக்கத்து ஊர்க்காரனைப் பார்த்து இன்று என்ன நாள் என்று கேட்கும் இடத்தில்தான் கதை தொடங்குகிறது.

2025 ஆகஸ்ட் 11

மேலே உள்ளதை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். தான் ஒரு தாளையும் கிழிக்கவில்லை என்றும், இரண்டையும் கிழித்தவர் பாட்டிதான் என்றும் சொல்கிறார். பாட்டி இப்போது இல்லை என்பதால் இந்த வழக்கு இப்படியே நிற்கும்.

2025 ஆகஸ்ட் 23

ஆண்டுகளுக்கு எண் கொடுக்காமல் நம் அறுபது ஆண்டுப் பெயர்களைப் போலப் பெயர் கொடுத்துவிட்டால் என்ன என்று பெரியகுளத்து நண்பர் எழுதியிருக்கிறார். எண்ணுவதை ஊர்ப் பஞ்சாங்கம் பார்த்துக்கொள்ளும் என்பது அவர் கருத்து. முதலில் பிடித்திருந்தது. இரண்டு நாள் யோசித்தபின் அது எத்தனை பெரிய பள்ளம் என்று தெரிந்தது.

பாட்டி தான் தாது வருடம் பிறந்ததாகச் சொல்லுவார். பள்ளியில் வாத்தியார் தாது வருடப் பஞ்சத்தைப் பற்றிச் சொன்னார். சென்னை மாகாணத்தை 1876 முதல் 1878 வரை வாட்டிய பஞ்சம் அது. இரண்டையும் சேர்த்து வைத்துக்கொண்டு, பாட்டி அந்தப் பஞ்சத்தில் பிறந்தவர், அவருக்கு நூற்றிருபது வயது என்று பத்து வயதில் நான் தீர்மானித்தேன். பள்ளியில் பெருமையாகச் சொல்லியும் விட்டேன். பாட்டி பிறந்தது அடுத்த சுற்றுத் தாது, அதாவது 1936-37. வேடிக்கை என்னவென்றால், நான் இப்படி உளறிய 1996-ஆம் ஆண்டும் சித்திரைக்குப் பிறகு தாதுதான். மூன்று தாதுக்கள் ஒரே பெயரில் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிக் கிடந்தன, எந்தத் தாது என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை.

இதையே நெடுங்கானத்தில் வைத்துப் பாருங்கள். மடிப்பில் ஒரு கரட்டுக்கும் அடுத்த கரட்டுக்கும் இடையில் ஐந்து ஆண்டோ ஒன்பது ஆண்டோ விலகினால், ஆண்டின் பெயரைச் சொன்ன உடனே விலகல் தெரிந்துவிடும். சரியாக அறுபது ஆண்டு விலகினால்? இரண்டு ஊரும் ஒரே ஆண்டுப் பெயரைச் சொல்லும். ஒரே மாதம், ஒரே பருவம். இந்த முறை நாம் தப்பித்தோம், மடிப்பு நம் பக்கம் வரவில்லை என்று இரண்டு ஊரும் கட்டிப்பிடித்துக்கொள்ளும். கொஞ்ச நாள் கழித்துச் சந்தையில் ஒரு கிழவி, தன் சிறுவயதில் காணாமற்போன அண்ணன் அதே பதினெட்டு வயதில் மூட்டை தூக்கிக்கொண்டு வருவதைப் பார்ப்பாள்.

நான்காம் பகுதி இதுதான். நண்பருக்கு நன்றி, அவர் யோசனையை அவர் சொன்ன காரணத்துக்காக எடுத்துக்கொள்ளவில்லை என்றாலும்.

2025 செப்டம்பர் 6

கரட்டரசர்களின் வரிசைப்பட்டியல் ஒன்றை இரண்டாம் பகுதியில் கொடுத்திருந்தேன். ஒவ்வொரு மடிப்புக்கும் இடையில் இத்தனை அரசர்கள், இத்தனை ஆண்டுகள் என்று அதில் சுத்தமாக இருக்கும். அந்தப் பட்டியலையே சான்றாக வைத்துப் பன்னிரண்டை நிரூபிக்கலாமே என்று ஒருவர் கேட்டிருக்கிறார்.

கணக்கு எழுதுகிறவனாக ஒன்று சொல்ல வேண்டும். அன்றன்று எழுதிய சிட்டையில் தொகைகள் கோணல்மாணலாக இருக்கும். 4 மூட்டை, 11 கிலோ, தரகு போக இவ்வளவு, சில்லறை பாக்கி என்று போகும். பக்கம் முழுவதும் தொகைகள் ஓர் ஒழுங்கில் விழுந்தால், தணிக்கைக்கு முந்தின இரவு ஒரே மூச்சில் ஒரே பேனாவால் எழுதியது என்று பொருள். நம் முச்சங்கக் கதையை எடுத்துக்கொள்ளுங்கள். இறையனார் களவியல் உரை தலைச்சங்கத்துக்கு 4440 ஆண்டு, இடைச்சங்கத்துக்கு 3700, கடைச்சங்கத்துக்கு 1850 என்று கணக்குச் சொல்கிறது. அரசர்கள் முறையே 89, 59, 49 பேர். ஆண்டுகள் மூன்றும் 37-ஆல் மீதியின்றி வகுபடும்: 120, 100, 50. அரசர் எண்ணிக்கை மூன்றும் ஒன்பதில் முடியும். நடுவில் கடல் ஊரையே கொண்டுபோனது, ஓலை போனது, மனிதர் போனார். கணக்கு மட்டும் ஒரு துளி நனையாமல் கரையேறியது என்றால், அது கரையில் உட்கார்ந்து பிறகு போட்ட கணக்கு. கடல்கோளே பொய் என்று நான் சொல்ல வரவில்லை. எண்களைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

ஆகவே கரட்டரசர் பட்டியலையும் அப்படியே மாற்றப் போகிறேன். பன்னிரண்டு பன்னிரண்டாக அடுக்கியவர் பின்னால் வந்த ஓர் அரண்மனைக் கணக்கர். பெரியகுளத்து நண்பர் கேட்ட கேள்வியை அரண்மனையிலும் ஒருவர் கேட்டிருப்பார்; அவருக்கு என்ன ஆனது என்பதை எழுதத் தேவையில்லை.

2025 செப்டம்பர் 7

சிறு செய்தி. மலைக்கும் சமவெளிக்கும் காலம் வேறுபடுவது வெறும் கற்பனை அல்ல. ஈர்ப்பு குறையக் குறையக் கடிகாரம் விரைவாக ஓடும். கொடைக்கானல் வத்தலக்குண்டைவிடச் சுமார் 1800 மீட்டர் உயரத்தில் இருப்பதால், இங்குள்ள கடிகாரம் அங்குள்ளதைவிட ஆண்டுக்கு ஏறத்தாழ 6 மைக்ரோவிநாடி முந்தும். மலையில் வாழ்பவனுக்கு முன்பணம் கொடுத்துவிட்டுக் கீழே காத்திருக்கும் வடுகபட்டிப் பூண்டு வியாபாரிகள் இதைத் தெரிந்துகொள்ளாமல் இருப்பது நல்லது.

2025 செப்டம்பர் 20

வியாபாரியைப் பற்றி விளையாட்டாக எழுதியது மனத்தில் ஒட்டிக்கொண்டது. மடிப்பு முடிந்ததும் முதலில் வரும் வழக்கு எதுவாக இருக்கும்? காணாமற்போனவர்களைத் தேடும் வழக்கு என்று மூன்றாம் பகுதியில் எழுதினேன். இல்லை, வட்டி வழக்குதான் முதலில் வரும்.

ஊதைக்கரட்டைச் சேர்ந்த ஒருவன் மாலையில் கீழே வந்து ஆறு மூட்டை விதைப்பூண்டைக் கடனாக வாங்கிக்கொண்டு மேலேறுகிறான். அன்றிரவு மலை மடிகிறது. காலையில் அவன் ஒரு மூட்டை கொசுறாகக் கேட்கலாம் என்று இறங்கி வருகிறான். கீழே ஒன்பது ஆண்டு கழிந்திருக்கிறது; கடன் கொடுத்தவர் இறந்துவிட்டார், அவர் மகன் பேரேட்டைத் திறக்கிறான். ஒன்பது ஆண்டு வட்டி. மலைக்காரன் பேசவில்லை, மடியிலிருந்து ஒரு பூண்டை எடுத்து வைக்கிறான். தோல் இளஞ்சிவப்பாக இருக்கிறது, வேரில் ஈரமண் ஒட்டியிருக்கிறது, நகத்தால் கீறினால் சாறு வருகிறது. அதே குவியலிலிருந்து அன்று மிஞ்சிய பூண்டு மண்டிப் பரணில் கிடக்கிறது. அதை எடுத்து வந்து அமுக்கினால் உள்ளே பல் இல்லை, சருகு மட்டும் நொறுங்குகிறது. பஞ்சாயத்தார் இரண்டையும் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள்.

இதற்குத் தீர்ப்பு எழுதத் தெரியாமல் பல நாள் திண்டாடினேன், ஏனென்றால் இதே வழக்கில் நான் ஒருமுறை தோற்றவன். 2020-இல் ஊரடங்கின்போது மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதத் தவணையை ஒத்திவைக்கலாம் என்று ரிசர்வ் வங்கி அனுமதித்தது. ஜீப் கடனுக்கு நானும் ஒத்திவைத்தேன். சாலையில் வண்டி இல்லை, மண்டி இல்லை, காலமே நின்றுபோனதாக நாங்கள் எல்லோரும் பேசிக்கொண்டோம். கடன் கொடுத்த இடத்தில் காலம் நிற்கவில்லை. கடன் முடிவது ஆறு மாதம் தள்ளிப்போகும் என்று நினைத்திருந்தேன், எட்டு மாதம் தள்ளிப்போனது. வட்டிக்கு வட்டியை மட்டும் பிறகு திருப்பிக் கொடுத்தார்கள். அவர்கள் விதிப்படிதான் செய்தார்கள் என்பதை ஒரு கணக்கனாக நான் ஒப்புக்கொள்கிறேன். ஜீப்புக்காரனாக ஒப்புக்கொள்ளவில்லை.

தீர்ப்பு: கடன் வாங்கியவனின் காலமே காலம். வட்டி ஓர் இரவுக்குத்தான். ஆனால் இந்தத் தீர்ப்புக்குப் பிறகு ஊதைக்கரட்டுக்காரர்களுக்குக் கடன் கொடுக்க ஒருவரும் முன்வரமாட்டார்கள். ஐந்தாம் பகுதியில் அந்தக் கரடு பட்டினி கிடக்கும்.

2025 அக்டோபர் 5

தங்கை மடிப்பின் கீழ்ப்பக்கத்தில் நின்று அக்காவைவிட ஏழு வயது மூத்தவளாகிவிட்டால், யார் யாரை அக்கா என்று அழைப்பது? எங்கள் வீட்டில் விடை இருக்கிறது. என் சின்ன சித்தப்பா என்னைவிட இரண்டு வயது இளையவர். தாத்தாவின் கடைசிப் பிள்ளை. விசேஷ வீடுகளில் சித்தப்பா, வாங்க, போங்க, டீக்கடையில் டேய். முறையை வயது தொடாது. நெடுங்கானத்திலும் அப்படியே இருக்கட்டும். தலை நரைத்த கிழவி இருபது வயதுப் பெண்ணை அக்கா என்று அழைப்பாள், அவள் காலில் விழுந்து திருநீறு வாங்குவாள். இதை ஒரு காட்சியாக எழுதினேன். சிரிப்பு வரும் என்று நினைத்தேன், வரவில்லை, அதனால் வைத்துக்கொண்டேன்.

புராணத்தில் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை பார்க்கப் பிரம்மலோகம் போன அரசர், ஒரு பாட்டு முடியும்வரை காத்திருந்ததில் பூமியில் 27 சதுர்யுகம் கழிந்ததாம். அவர் மனத்தில் குறித்து வைத்திருந்த மாப்பிள்ளைகள், அவர்களின் பேரர்கள், எல்லோரும் போய்விட்டார்கள். அந்த அளவுக்கு நான் போகப்போவதில்லை. அறுபதே எனக்குப் போதும்.

2025 அக்டோபர் 21

தீபாவளி விடுமுறையில் மழை கொட்டுகிறது. எழுத நேரம் இருக்கிறது.

மடிப்புக்கு வெளியே நின்று எண்ணும் கடிகாரம் ஒன்று வேண்டும் என்று நண்பர் விடாமல் கேட்கிறார். ஒன்று கண்டுபிடித்தேன். மரங்களின் ஆண்டு வளையங்களில், கி.பி. 774-775-இல் உருவான வளையத்தில் கரிமம்-14 என்ற கதிரியக்கக் கரிமம் திடீரென்று உயர்ந்திருப்பதை ஜப்பானியத் தேவதாரு மரங்களில் கண்டு 2012-இல் வெளியிட்டார்கள். விண்ணிலிருந்து வந்த துகள் வீச்சு ஒன்று பூமி முழுவதும் ஒரே ஆண்டில் விட்டுப்போன தழும்பு அது. கி.பி. 993-இல் இதுபோல் இன்னொன்று உண்டு. அந்தத் தழும்பிலிருந்து பட்டைவரை வளையங்களை எண்ணி, கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் வைக்கிங் கடலோடிகள் ஒரு மரத்தை வெட்டிய ஆண்டு சரியாக 1021 என்று 2021-இல் நிறுவினார்கள். ஆயிரம் ஆண்டுக்கு முன் ஒருவன் கோடரியை ஓங்கிய ஆண்டைக் கையில் எடுத்துக் கொடுத்துவிட்டார்கள்.

நெடுங்கானத்துக்கும் அப்படித் துகள் வீசும் ஒரு செவ்வான இரவைக் கொடுத்தால் போதும். அன்று நின்ற எல்லா மரத்திலும் ஒரு கரிய வளையம் விழும். அந்த வளையத்துக்கு வெளியே ஊதைக்கரட்டு மரத்தில் முப்பது வளையம், பள்ளத்தாக்கு மரத்தில் முப்பத்தொன்பது என்றால் வித்தியாசம் ஒன்பது, வழக்கு முடிந்தது.

முடிந்துவிடுகிறது என்பதுதான் எனக்குப் பிடிக்கவில்லை. பஞ்சாயத்துக்கு வேலை இல்லை, கிழவி அண்ணனைச் சந்தையில் பார்த்துத் திகைக்க வேண்டியதும் இல்லை. ஆகவே வளையம் இருக்கும், ஆனால் அத்தனை வயதான மரங்கள் சாமிக்காட்டில் மட்டுமே நிற்கும். அங்கே அரிவாளோடு நுழைய முடியாது. உண்மை கையெட்டும் தூரத்தில் நிற்கிறது, வெட்டித்தான் பார்க்க வேண்டும், வெட்டக் கூடாது.

2025 அக்டோபர் 22

நேற்றைய குறிப்பில் ஒரு திருத்தம். எங்கள் சோலைக்காட்டு மரங்கள் பலவற்றில் ஆண்டு வளையம் தெளிவாக விழுவதில்லை. தேக்கில் விழும், ஆனால் தேக்கு இந்த உயரத்து மரம் அல்ல. நெடுங்கானத்து மரங்கள் வேறு மரங்கள் என்று சொல்லித் தப்பிக்கலாம். தப்பித்துக்கொள்கிறேன்.

2025 நவம்பர் 8

பதில் கிடைத்துவிட்டது என்று நினைக்கிறேன். அது மிசோரம் வழியாக வந்தது.

அங்கே காடுகளை நிரப்பியிருக்கும் ஒரு மூங்கில் இனம் ஏறத்தாழ 48 ஆண்டுக்கு ஒருமுறை ஒட்டுமொத்தமாகப் பூத்துக் காய்த்துச் சாகும். அந்தக் காயைத் தின்று எலிகள் பெருகும், காய் தீர்ந்ததும் எலிக்கூட்டம் நெல் வயலுக்குள் இறங்கும், பிறகு பஞ்சம். மிசோக்கள் அதை மௌதாம் என்கிறார்கள், மூங்கில் சாவு என்று பொருள். 1911-12-இல் வந்தது, 1958-59-இல் வந்தது, 2006 முதல் 2008 வரை வந்தது. 1959-இல் அது பெரும் பஞ்சமாகி, அரசு சரியாகக் கவனிக்கவில்லை என்ற கோபம் 1966 கிளர்ச்சி வரை போய் நின்றது.

இந்தப் பேரிடர் 48 ஆண்டை எண்ணுவதில்லை என்பதைக் கவனியுங்கள். எண்ணுவது மூங்கில், மூங்கில் செத்தால் பேரிடர் வருகிறது. ஊரில் உள்ள எல்லோரும் காலண்டரைத் தொலைத்துவிட்டாலும் மௌதாம் தவறாமல் வரும். ஆகஸ்டில் நான் குறிஞ்சியைக் கடிகாரமாக வைத்து மடிப்பை அளக்கப் பார்த்தேன். குறிஞ்சி அளவுகோல் அல்ல, அதுதான் காரணம். ஒரு கரட்டில் குறிஞ்சி பூத்து, விதை உதிர்ந்து, கடைசிச் செடி காய்ந்த அன்று அந்தக் கரட்டில் மறிபனி ஏறும். பன்னிரண்டை எண்ணியது யார்? அந்தந்தக் கரட்டின் குறிஞ்சி, தன் காலத்தில், தனக்காக எண்ணியது. மேலே இருப்பவனுக்குப் பன்னிரண்டு எப்போதும் சரி. கீழே இருப்பவனுக்கு அது ஒருமுறை மூன்றாகும், ஒருமுறை இருபத்தொன்றாகும். பெரியகுளத்தில் உட்கார்ந்து கேட்டவரும் சரி, பூம்பாறையில் உட்கார்ந்து எழுதியவனும் சரி. இப்படி முடியும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

2025 நவம்பர் 9

இரவு தூங்கவில்லை. மேற்படி விதியை ஏழு கரடுகளுக்கும் போட்டுப் பேரேட்டுத் தாளில் ஓட்டிப் பார்த்தேன். முதல் மடிப்பு ஏழுக்கும் ஒரே இரவில் வருகிறது. அதில் ஒவ்வொரு கரடும் வெவ்வேறு அளவு விலகுவதால், இரண்டாம் மடிப்புகள் கீழிருந்து பார்ப்பவனுக்கு வெவ்வேறு ஆண்டுகளில் விழுகின்றன. மூன்றாவது இன்னும் சிதறுகிறது. நான்கு சுற்று முடிவதற்குள் ஏதாவது ஒரு கரடு ஏறக்குறைய இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை மடிந்துகொண்டே இருக்கிறது. தாத்தா காலத்தில் பன்னிரண்டு ஆண்டு நிம்மதியாகத் தூங்கினார்கள், இப்போது மூச்சுவிட நேரமில்லை, கலி முற்றிவிட்டது என்று பள்ளத்தாக்கில் பேசிக்கொள்வார்கள். எதுவும் முற்றவில்லை, ஒன்றாகப் பூத்தவை தனித்தனியாகப் பூக்கின்றன, அவ்வளவுதான். நம் மேற்குமலைத் தொடரிலும் எல்லா மேட்டிலும் குறிஞ்சி ஒரே ஆண்டில் பூப்பதில்லை என்பது மலையில் திரிகிறவர்களுக்குத் தெரியும்.

இதோடு ஆறாம் பகுதியும் அமைந்துவிட்டது. பள்ளத்தாக்கு அரசன் பூப்பதற்கு முன்பே குறிஞ்சியைப் பிடுங்கிவிட்டு, கரடுகளில் வேற்று நாட்டு மரத்தை நட உத்தரவிடுவான். எங்கள் புல்மேடுகளில் தைலமரமும் பைனும் வாட்டிலும் ஏறிய கதையை அறிந்தவர்களுக்கு அது எப்படி இருக்கும் என்று விளக்க வேண்டியதில்லை. மரம் நட்ட கரட்டில் மடிப்பு வராது. ஓடை வற்றும், தங்கள் வயது என்ன என்று அந்தக் கரட்டுக்காரர்களுக்குச் சொல்லத் தெரியாமல் போகும்.

பழைய பகுதிகளில் மாற்ற வேண்டியவை ஏராளம். மூன்றாம் பகுதியில் இரண்டு கரடுகள் ஒரே இரவில் மடிகின்றன. முதல் சுற்று என்று சொல்லி ஒப்பேற்ற முடியாது, ஏனென்றால் பின்னால் வந்த அரண்மனைக் கணக்கர் அங்கே இருக்கிறார். அவரை எடுக்க வேண்டும், அல்லது அந்த இரவை எடுக்க வேண்டும். இரவை எடுத்துவிடுகிறேன்.

2025 நவம்பர் 16

முதல் வாக்கியத்தை மாற்றிவிட்டேன். இப்போது இப்படி இருக்கிறது: "குறிஞ்சி காய்ந்த கரட்டில் மறிபனி ஏறும், எத்தனை ஆண்டுக்கு ஒருமுறை என்று மேலே கேட்டால் பன்னிரண்டு என்பார்கள், கீழே கேட்டால் அடிக்க வருவார்கள்."

2025 டிசம்பர் 3

இன்று திருக்கார்த்திகை. காலையில் எழுந்து பார்த்தபோது காலண்டர் 30-ஆம் தேதியில் நின்றது. 2018-க்குப் பிறகு தாளைக் கிழிக்கும் அதிகாரம் எங்கள் வீட்டில் அம்மாவுக்கு மட்டுமே. அவர் ஞாயிறு மதியம் சித்தி வீட்டுக்குப் போனவர் இன்னும் திரும்பவில்லை. அப்பா அதைப் பார்த்தார், நான் பார்ப்பதையும் பார்த்தார், ஒன்றும் சொல்லாமல் வயலுக்குப் போய்விட்டார். அம்மாவுக்குப் போன் போட்டுக் கேட்டேன். தொடாதே, சாயங்காலம் விளக்கேற்ற வந்துவிடுவேன், வந்து நானே மூன்றையும் சேர்த்துக் கிழிக்கிறேன் என்றார். பொரி மட்டும் வாங்கி வைத்திருக்கிறேன்.